உட்லண்ட்ஸ்: கூலி அங்கே, ஊர் எங்கே?



தென் ஜொகூர்த் தோட்டப்புறங்களில் சிங்கப்பூருக்குப் பிள்ளையை அனுப்பாத வீட்டை இன்று தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். பால்மரத்தை அழித்துச் செம்பனை நட்டார்கள். பிறகு செம்பனையையும் அழித்து வீடமைப்புப் பகுதி கட்டினார்கள். பெரட்டுக்களம் இருந்த இடத்தில் பேரங்காடி எழுந்தது. அந்த லயத்து வீடுகளில் பிறந்த பிள்ளைகள் விடியற்காலை மூன்று, நான்கு மணிக்கெல்லாம் எழுந்து, மோட்டார் சைக்கிளிலோ தொழிற்சாலை பஸ்ஸிலோ ஏறிக் கடற்பாலத்தைக் கடக்கிறார்கள். அந்தப் பாலம் போய் இறங்கும் இடத்தின் பெயர்தான் உட்லண்ட்ஸ்.

நான் தோட்டப் பள்ளி ஆசிரியன். பள்ளி விடுமுறை நாள்களில் உட்லண்ட்ஸுக்குப் பலமுறை போய் வந்திருக்கிறேன். என் வகுப்புப் பிள்ளைகளின் தாய் தகப்பன்மார் எங்கே போகிறார்கள், எந்த மண்ணில் வியர்வை சிந்துகிறார்கள் என்று பார்க்க வேண்டும் என்ற ஆவல்தான் காரணம். நீங்களும் என்னோடு வாருங்கள். கடப்பிதழை மட்டும் மறக்காமல் எடுத்துக்கொள்ளுங்கள்.

தண்ணீருக்குக் கடப்பிதழ் இல்லை

ஜொகூர் பாருவில் குடிநுழைவுச் சோதனையை முடித்துக்கொண்டு 170ஆம் எண் பஸ்ஸில் ஏறினால் சிறிது நேரத்தில் கடல் தெரியும். இந்தக் கடற்பாலத்தின் நீளம் ஒரு கிலோமீட்டருக்குச் சற்று அதிகம். 1919இல் வேலை தொடங்கி, 1923இல் ரயில் ஓடி, 1924 ஜூன் 28ஆம் நாள் முறைப்படி திறந்தார்கள். புலாவ் ஊபின் தீவிலும் புக்கிட் தீமாவிலும் வெட்டி எடுத்த கருங்கல்லைக் கொட்டிக் கடலைத் தூர்த்துப் போட்ட பாதை இது. 1942 ஜனவரி 31ஆம் நாள், ஜப்பானியர் வந்துவிடக்கூடாது என்று பின்வாங்கிய பிரிட்டிஷ் படையே இதை வெடி வைத்துப் பிளந்தது. அதனால் ஜப்பானியரைத் தடுக்க முடியவில்லை என்பது உங்களுக்குத் தெரிந்த கதைதான்.

பாலத்தின் ஓரமாகப் பெரிய குழாய்கள் போவதைக் கவனியுங்கள். ஜொகூர் ஆற்று நீர் அதில் போகிறது. 1962ஆம் ஆண்டு ஒப்பந்தப்படி நாளொன்றுக்கு 25 கோடி கேலன் வரை எடுக்கலாம். 2061 வரை அந்த ஒப்பந்தம் செல்லும். தண்ணீர் யாரையும் கேட்காமல் எல்லை தாண்டிப் போகிறது. மனிதன்தான் வரிசையில் நிற்கிறான்.

இந்த வரிசை எப்போதும் இருந்ததில்லை. 1965 ஆகஸ்ட் 9ஆம் நாள் சிங்கப்பூர் தனி நாடானது. 1967இல் எல்லையில் கடப்பிதழ்ச் சோதனை வந்தது. அதற்கு முன் அக்காளைச் சிங்கப்பூரில் கட்டிக்கொடுத்தவர் காலையில் பஸ் ஏறிப்போய்ப் பார்த்துவிட்டு மாலையில் வீடு திரும்பலாம். 1973 வரை இரு நாட்டு வெள்ளியும் ஒன்றுக்கொன்று சமமாகச் செல்லுபடியானது. அண்மை ஆண்டுகளிலோ ஒரு சிங்கப்பூர் வெள்ளியின் மதிப்பு மூன்று ரிங்கிட்டைத் தாண்டிவிட்டது. விடியற்காலைத் தூக்கத்தை விற்று நம் பிள்ளைகள் பாலம் ஏறுவதற்கு இந்தக் கணக்குதான் காரணம்.

அங்கேயும் பால்மரம் இருந்தது

பாலத்தை விட்டு இறங்கினால் உட்லண்ட்ஸ். அண்ணாந்து பார்த்தால் கழுத்து வலிக்கும் அடுக்குமாடிகள். சாலையோரம் வரிசை தப்பாத மரங்கள். இங்கே நம் ஆள்கள் நின்று பால்வெட்டினார்கள் என்று சொன்னால் உங்கள் பிள்ளைகள் நம்ப மாட்டார்கள். ஆனாலும் அதுதான் உண்மை. உட்லண்ட்ஸைச் சுற்றியுள்ள மண்டாய், செம்பவாங், ஈசூன் எல்லாம் ஒரு காலத்தில் ரப்பர்க் காடுகள். ஈசூன் என்ற பெயரே லிம் நீ சூன் என்ற சீனத் தோட்ட முதலாளியின் பெயரிலிருந்து வந்ததுதான். மரம் சாகாமல் பட்டையைச் சீவிப் பாலெடுக்கும் முறையை ரிட்லி என்ற வெள்ளைக்காரர் சோதித்துக் கண்டதும் சிங்கப்பூர்ப் பூமலைத் தோட்டத்தில்தான். நம் கத்தியின் பாடம் அங்கே தொடங்கியது என்றால் மிகையாகாது.

ரப்பருக்குப் பின் அந்த வட்டாரத்துக்குக் கடற்படைத் தளம் வந்தது. செம்பவாங் கரையில் பிரிட்டிஷார் கட்டிய அந்தத் தளம் 1938 பிப்ரவரியில் திறக்கப்பட்டது. தமிழரும் மலையாளிகளும் பெருந்தொகையாக அங்கே வேலை செய்தார்கள். தளத்துக்குள்ளேயே குடியிருப்பு, கோயில், திருவிழா எல்லாம் இருந்தன. 1967 முதல் அங்கே பங்குனி உத்திரம் நடந்து வந்தது. வேலை இருக்கும்வரை வீடு, அதுவே சட்டம். தோட்டத்து லயத்துக்கும் அதற்கும் வேறுபாடு சுவர் வண்ணத்தில் மட்டும்தான்.

1968 ஜனவரியில் லண்டனில் ஓர் அறிவிப்பு வந்தது: 1971க்குள் படைகளை விலக்கிக்கொள்ளப் போகிறோம் என்று. ஆயிரக்கணக்கான குடும்பங்களின் அடுப்பில் தண்ணீர் ஊற்றியது போலாயிற்று. கப்பல் பட்டறை செம்பவாங் கப்பல் கட்டுந்தளமாக மாறியது. சிலர் அதில் தொடர்ந்தார்கள். குடியுரிமை இல்லாதவர்களில் பலர் மூட்டை கட்டி இந்தியா திரும்பினார்கள்.

ஒரு காகிதம்

மார்சிலிங் பகுதிக் காப்பிக் கடையில் ஒரு பெரியவரோடு உட்கார்ந்து பேசியிருக்கிறேன். எழுபதைத் தாண்டியவர். கடற்படைத் தளக் குடியிருப்பில் பிறந்தவர். அவர் சொன்னதை அப்படியே தருகிறேன்:

"வாத்தியாரே, அப்பா முப்பது வருசம் அங்க சாயம் பூசுற வேலை பார்த்தாரு. சிட்டிசன் எழுதிப்போடுங்கன்னு ஆளுங்க வந்து சொன்னப்ப, 'நமக்கு எதுக்குடா, எப்படியும் ஊருக்குப் போறவங்கதானே'ன்னு சும்மா இருந்துட்டாரு. நான் இங்க பொறந்தவன், என்கிட்ட சூராட்டு இருந்துச்சு. அவரு ரஜுலா கப்பல் ஏறினாரு, நான் துறைமுகத்துல நின்னேன். ஒரே வீட்டுச் சோறு தின்னவங்க. ஒரு காகிதம்தான் வித்தியாசம்."

சூராட்டு என்று அவர் சொன்னது பிறப்புப் பத்திரத்தை.

இது அவர் ஒருவர் கதை அன்று. நம் நாட்டிலும் 1957இல் சுதந்திரம் வந்தபோது குடியுரிமைக்கு எழுதிப் போடாமல் இருந்த தோட்ட மக்கள் ஏராளம். 1968ஆம் ஆண்டு வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்து, குடியுரிமை இல்லாதவர்களுக்கு வேலை அனுமதி வேண்டும் என்று ஆனதும், பல்லாயிரம் பேர் பால்வெட்டுக் கத்தியைக் கீழே வைத்துவிட்டுக் கப்பலேறினார்கள். இலங்கை மலைநாட்டுத் தேயிலைத் தோட்டங்களில் 1948இல் சட்டம் போட்டுக் குடியுரிமையைப் பறித்தார்கள். 1964இல் சிறிமாவோவும் சாஸ்திரியும் கையெழுத்திட்ட ஒப்பந்தத்தில் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்புவது என்று கணக்குப் போட்டார்கள். மரம் நட்டவர்கள் நாம். ஆனால் மரத்துக்குக் கேட்காத காகிதத்தை நம்மிடம் கேட்டார்கள்.

தென்னைக்கு விலை உண்டு

மீண்டும் மார்சிலிங்குக்கு வருவோம். அந்தப் பெரியவர் தளத்தை விட்டு வெளியேறியதும் பக்கத்துக் கம்பத்தில் பலகை வீடு கட்டிக்கொண்டார். சிங்கப்பூர் அரசாங்கம் 1960இல் வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்தை அமைத்தது. 1966இல் நில எடுப்புச் சட்டம் வந்தது. தீவு முழுதும் கம்பங்கள் ஒன்றன்பின் ஒன்றாகக் கலைக்கப்பட்டன. 1970களில் உட்லண்ட்ஸில் அடுக்குமாடிகள் எழுந்தன.

"கம்பத்தை எடுக்கிறப்ப அதிகாரி வந்து எண்ணினாரு. தென்னைக்கு இவ்வளவு, ரம்புத்தானுக்கு இவ்வளவு, கோழிக்கூண்டுக்கு இவ்வளவுன்னு எழுதினாரு. பக்கத்து வீட்டுக்காரனுக்கு ஒரு விலையும் போடலே" என்றார் பெரியவர்.

நல்லதையும் சொல்ல வேண்டும். குழாயைத் திருகினால் தண்ணீர், கூப்பிடு தூரத்தில் பள்ளி, ஒழுகாத கூரை எல்லாம் அடுக்குமாடியில் கிடைத்தன. வெள்ளமும் தீயும் கண்ட கம்பத்து மக்களுக்கு இவை சின்ன விஷயங்கள் அல்ல. ஆனால் லயத்தில் ஒரு வீட்டில் குழந்தை அழுதால் பத்து வீட்டில் கேட்கும். அடுக்குமாடியில் கதவைச் சாத்தினால் உலகமே வெளியே. 1989 முதல் ஒவ்வொரு கட்டடத்திலும் இந்தந்த இனத்தார் இத்தனை விழுக்காடுதான் இருக்கலாம் என்ற விதியும் வந்தது. எல்லா இனத்தாரும் கலந்து பழக வேண்டும் என்பது அதன் நோக்கம். அந்த நோக்கத்தைக் குறை சொல்வதற்கில்லை. ஆயினும் தமிழ் பேசும் இன்னொரு கிழவியைத் தேடி நான்கு கட்டடம் நடக்க வேண்டியிருக்கிறது என்று அந்தப் பெரியவரின் மனைவி வருத்தப்பட்டார்.

இந்த அடுக்குமாடியாவது நிலைத்ததா? சோதனைச்சாவடிக்கு அருகே பழைய உட்லண்ட்ஸ் நகர மையம் இருந்தது. பாலம் இறங்கும் நம் ஆள்கள் பசியாறிய இடம் அது. சோதனைச்சாவடி விரிவாக்கத்துக்காக அந்தக் கட்டடங்களை எடுக்கப்போவதாக 2012இல் அறிவித்தார்கள். 2017இல் அவை காலியாயின. 2022 மே மாதம் இன்னோர் அறிவிப்பு வந்தது: மார்சிலிங் லேன் 210 முதல் 218 வரையிலான கட்டடங்களும் வேண்டும் என்று. 732 வீடுகள். நாற்பது ஆண்டு குடியிருந்தவர்கள் மறுபடியும் மூட்டை கட்ட வேண்டியதாயிற்று.

ரயிலும் இதற்குத் தப்பவில்லை. 1932இல் திறந்த தஞ்சோங் பகார் நிலையத்திலிருந்து கடைசி ரயில் 2011 ஜூன் 30ஆம் நாள் இரவு புறப்பட்டது. மறுநாள் முதல் உட்லண்ட்ஸே கடைசி நிலையம். தண்டவாளம் போன தடத்தில் இப்போது மக்கள் காலாற நடக்கிறார்கள்.

ஆனால் இங்கே ஒன்றைக் கூர்ந்து கவனியுங்கள். மார்சிலிங்கில் 2022இல் எழும்பச் சொன்னபோது வீட்டுக்காரர்களின் கையில் பத்திரம் இருந்தது. தொண்ணூற்றொன்பது ஆண்டுக் குத்தகைப் பத்திரம்தான் என்றாலும் பத்திரம் பத்திரமே. சந்தை விலைக்கு இழப்பீடு, மாற்று வீடு வாங்கும் உரிமை, புதிதாகத் தொண்ணூற்றொன்பது ஆண்டுக் குத்தகை என்று பேச்சு நடந்தது. தளத்துக் குடியிருப்பிலிருந்து எழுந்தவர்களுக்கு இப்படி ஒரு பேச்சே எழவில்லை. நம் தோட்டங்களில் நிர்வாகம் கைமாறி, லயத்தைக் காலி செய்யச் சொல்லிக் கடிதம் வரும்போதும் இதே நிலைதான்.

காலம் எல்லோரையும்தான் பெயர்க்கிறது. கையில் பத்திரம் உள்ளவனிடம் பேசிவிட்டுப் பெயர்க்கிறது. இல்லாதவனைப் பேசாமலே பெயர்க்கிறது.

தேக்காவில் ஒரு ஞாயிற்றுக்கிழமை

உட்லண்ட்ஸ் நிலையத்தில் பெருவிரைவு ரயில் ஏறி, நியூட்டனில் மாறினால் அடுத்த நிறுத்தம் லிட்டில் இந்தியா. நம்மவர்கள் தேக்கா என்பார்கள். ஞாயிறு மாலை சிராங்கூன் சாலையில் வீரமாகாளியம்மன் கோயில் பக்கம் போய்ப் பாருங்கள். புதுக்கோட்டை, தஞ்சாவூர், இராமநாதபுரம் என்று எல்லா மாவட்டத்துத் தமிழும் காதில் விழும். கட்டட வேலைக்கும் கப்பல் பட்டறைக்கும் வந்த தமிழகத்துப் பிள்ளைகள் அவர்கள். அவர்களில் பலர் தங்குவது உட்லண்ட்ஸ், கிராஞ்சி, சுங்கை காடுட் பக்கத்துத் தங்கும் விடுதிகளில்.

அவர்கள் நிலையைக் கேட்டால் உங்களுக்குப் பழைய ஞாபகம் வரும். தங்குமிடத்துக்கு ஏற்பாடு செய்வது முதலாளி. வேலை அனுமதிச் சீட்டும் அந்த முதலாளி பெயரோடு கட்டுண்டது. சீட்டு ரத்தானால் படுக்கையும் இல்லை, நாடும் இல்லை. நம் பாட்டன் இருந்த லயத்தை அடுக்குக் கட்டிலாக்கி மேலே மேலே வைத்தது போல என்று நினைத்துக்கொண்டேன்.

2013 டிசம்பர் 8ஆம் நாள் அங்கே தமிழகத் தொழிலாளி ஒருவர் பஸ்ஸில் சிக்கி இறந்ததும் கலவரம் மூண்டது. பலர் தண்டனை பெற்றார்கள், பலர் திருப்பி அனுப்பப்பட்டார்கள். 2020இல் பெருந்தொற்று வந்தபோது விடுதிகளில் மூன்று லட்சத்துக்கும் மேற்பட்டோர் இருந்தார்கள். ஓர் அறையில் பலர் படுக்கும் இடத்தில் நோய் பரவக் கேட்பானேன்? அந்த ஆண்டு முடிவதற்குள் விடுதிவாசிகளில் 47 விழுக்காட்டினருக்குத் தொற்றியிருந்ததாக அரசாங்கமே அறிவித்தது. நகரத்தைக் கட்டியவர்களுக்கு நகரத்துக்குள் போக நீண்ட காலம் தடை இருந்தது.

பாலம் மூடிய நாள்

நம் பிள்ளைகளுக்கும் அந்த ஆண்டு ஒரு பாடம் கிடைத்தது. 2020 மார்ச் 18ஆம் நாள் மலேசியாவில் நடமாட்டக் கட்டுப்பாடு தொடங்கியது. அதுவரை நாள்தோறும் மூன்று லட்சம் பேருக்கு மேல் கடந்த பாலம் வெறிச்சோடியது. வேலையை விடக்கூடாது என்று முதல்நாளே ஒரு பையோடு பாலம் தாண்டியவர்களில் சிலர் அன்றிரவு கிராஞ்சி ரயில் நிலையத்துக்கு வெளியே படுத்தார்கள். பிறகு தங்க இடம் கிடைத்தது. ஆகஸ்டு மாதத்தில் ஒரு புதிய ஏற்பாடு வந்தது: குறைந்தது மூன்று மாதம் அங்கேயே இருந்துவிட்டுத்தான் வீட்டுக்கு விடுப்பில் வரலாம். 2021 நவம்பரில் சிலருக்குத் தரைவழி திறந்தது. தடுப்பூசி முழுமையாகப் போட்டுக்கொண்ட எல்லோருக்கும் திறந்தது 2022 ஏப்ரல் முதல் நாள்.

என் மூன்றாம் ஆண்டு வகுப்பில் ஒரு பையன். தகப்பன் அந்தப் பக்கம் சிக்கிக்கொண்டார். கைப்பேசியில்தான் முகம் பார்த்தான். ஒன்றரை ஆண்டுக்கு மேலாகி அவர் வீட்டு வாசலில் வந்து நின்றபோது பாட்டியின் சேலைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டானாம். "கூச்சம் சார், ரெண்டு நாள்ல சரியாயிட்டான்" என்று பாட்டி சிரித்தார். அந்தத் தகப்பன் சிரிக்கவில்லை. கைநிறையச் சம்பளம் கொண்டுவந்தவர், மகனுக்குத் தான் விருந்தாளியாகிவிட்டதை அன்று கண்டுகொண்டார். கடலுக்கு அந்தப் பக்கம் அவர் அந்நியர். இந்தப் பக்கம் சொந்த வாசலிலும் அந்நியர். நாடு மாறியதைவிட இந்த நட்டம் பெரிது.

என்ன செய்யலாம்?

பிள்ளைகளை அனுப்பாதீர்கள் என்று நான் சொல்ல மாட்டேன். தோட்டத்தில் கூலி கட்டாது என்பது எனக்கும் தெரியும். ஜொகூர் பாருவின் புக்கிட் சாகாரிலிருந்து உட்லண்ட்ஸ் நார்த் வரை நான்கு கிலோமீட்டர் விரைவு ரயில் பாதை அமைக்க 2020 ஜூலையில் இரு நாடுகளும் உறுதி செய்தன. ஒரு திசையில் மணிக்குப் 10,000 பேர் போகலாம் என்பது திட்டம். போக்குவரத்து இன்னும் பெருகத்தான் செய்யும். போகிறவர்கள் வேரோடு பிடுங்கப்படாமல் போய்வர நான்கு காரியங்களைச் செய்யுங்கள்.

முதலாவது, காகிதம். பிள்ளை பிறந்தால் காலம் தாழ்த்தாமல் பதியுங்கள். கோயிலில் தாலி கட்டினால் மட்டும் போதாது. 1982 மார்ச் முதல் நடப்புக்கு வந்த சட்டப்படி திருமணத்தைப் பதிய வேண்டும். பதியாத திருமணத்தால் நாடற்ற பிள்ளைகள் எத்தனையோ பேர். வெளிநாட்டில் பிள்ளை பிறந்தால் ஓராண்டுக்குள் நம் தூதரகத்தில் பதிய வேண்டும்.

இரண்டாவது, வீடு. லயம் நிர்வாகத்துடையது. அக்கரைச் சம்பளத்தில் கைப்பேசியும் மோட்டார் சைக்கிளும் மாற்றுவதற்கு முன் மலிவு விலை வீடு ஒன்றுக்காவது முன்பணம் கட்டுங்கள். கிராண்டு உங்கள் பெயரில் இருக்கட்டும்.

மூன்றாவது, முதுமை. வேலை அனுமதிச் சீட்டில் போகும் நம்மவருக்குச் சிங்கப்பூரின் மத்திய சேமநிதி கிடையாது. நம் ஊழியர் சேமநிதியில் நாமே விரும்பிச் சந்தா கட்ட வழியிருக்கிறது. மாதம் ஐம்பது வெள்ளியானாலும் கட்டுங்கள்.

நான்காவது, பிள்ளை. ஞாயிற்றுக்கிழமையை மிகைநேரத்துக்கு விற்காதீர்கள். ஒரு வேளை சோற்றையாவது பிள்ளையோடு உட்கார்ந்து தமிழ் பேசித் தின்னுங்கள்.

கடற்படைத் தளம் போய்விட்டது. அங்கே தொழிலாளர் ஒரு மரத்தடியில் வைத்துக் கும்பிட்ட முருகன், நிலம் போன பின் ஈசூன் தொழிற்பேட்டையில் புதுக்கோயில் கொண்டார். புனித மரம் பாலசுப்பிரமணியர் கோயில் என்று இன்றும் அதற்குப் பெயர். வேலையும் வீடும் பறிபோனவர்கள் பங்குனி உத்திரத்தை மட்டும் விடவில்லை. காவடி ஆண்டுதோறும் எழுகிறது. பெயர்த்து வைத்தாலும் துளிர்க்கும்படி எதைக் கையோடு கொண்டுபோகிறோமோ அதுதான் நமக்கு ஊர். அதைப் பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டுப் பிறகு பாலம் ஏறச் சொல்லுங்கள்.